கொழுந்தும் மின்னுழையமும்

கல்லூரி ஒன்று விழாக் கொண்டாடும்பொழுது அதன் பழைய மாணவர் பழம்பெருமை பேசுதல் மரபு. அம்மரபை யாம் குறைகூறோம். ஆயினும் விழா மலரின் சில பக்கங்களேனும் வருங்காலத்தை நோக்கியனவாய் இருத்தல் வேண்டும் என்பது எம் கருத்து. அதனாலேயே இம்மலரில் இடம்பெறத் தகாதது போலச் சிலருக்குத் தோன்றக்கூடிய ஒரு பொருளை எடுத்துக்கொண்டோம். உயர்தர வகுப்பிலே பௌதிகம் பயிலும் மாணவர் 'மின்னுழைய மாறிலி' என்று மனனஞ் செய்யும் சிறு பாடமே அது. அப்பாடம் ஊவா மலைநாட்டுக்கு, சிறப்பாகத் தேயிலைத் தோட்டத்திலே பிறந்து வளர்ந்த பிள்ளைகளுக்கு, மிக நெருங்கிய பாடம் என்பதும், அதனை அவ்வாறு கற்பியாது விடுதல் அவர்களுக்கு நாம் இழைக்கும் குறை என்பதும் யாம் இங்கு நிறுவ விழைவன.

பரீட்சைக்கு ஆயத்தஞ் செய்யும் மாணவன் இதனை எவ்வாறு கற்கின்றான்? இரண்டு உலோகத் தட்டுகள், அவற்றின் பரப்பு, இடையிலுள்ள தூரம், இடையே வைக்கப்பெற்ற ஒரு பொருள், அப்பொருளுக்கு ஓர் எண். சூத்திரத்திலே எண்களை இட்டுப் பெருக்கி, வகுத்து, கொள்ளளவத்தைக் காண்கின்றான். விடை சரி, புள்ளியும் கிடைக்கின்றது. அந்த எண் எங்கிருந்து வந்தது, அப்பொருளின் உள்ளே என்ன நிகழ்கின்றது, அதனை அறிவதால் எவருக்கு என்ன பயன் என்னும் வினாக்கள் வினாத்தாளில் பெரும்பாலும் வருவதில்லை. ஆகவே அவன் மனத்திலும் எழுவதில்லை. ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்பர் பெரியோர். இங்கோ சுரைக்கொடி வீட்டுக் கூரைமேலேயே படர்ந்து காய்த்திருக்கின்றது. நாம் ஏட்டையே பார்த்துக்கொண்டிருக்கின்றோம்.

முதலிற் சொல்லை நோக்குவோம். மின்னைக் கடத்துவது கடத்தி, கடத்தாதது காவலி. இவ்விரு சொற்களையும் பிள்ளைகள் கீழ்வகுப்பிலேயே கற்றுவிடுகின்றனர். காவலி என்னுஞ் சொல் காவல் செய்யுந் தொழிலைக் கருதி எழுந்தது. தோட்டத்தைச் சுற்றிய வேலி போல மின்னைத் தடுத்து நிற்பது என்பது அதன் கருத்து. இக்கருத்துப் பிழையன்று, ஆனாற் குறையுடையது. வேலி தன்மேல் எவர் வந்து மோதினும் வேலியாகவே நிற்கும். காவலியோ தன்மேல் மின்புலம் படும்போது தன்னுள்ளே மாற்றமடைகின்றது. இவ்வுண்மையைச் சொல்வது 'மின்னுழையம்' என்னும் மற்றச் சொல். மின்னோட்டம் அதனூடு செல்வதில்லை. மின்புலம் அதனுள் நுழைகின்றது. இதற்குரிய ஆங்கிலச் சொல்லும் 'ஊடாக' என்று பொருள்படும் கிரேக்க முன்னொட்டைத் தாங்கியது. வில்லியம் ஹியூவல் என்னும் அறிஞர் மைக்கேல் பரடேக்கு எடுத்துக் கொடுத்தது. தமிழ்நாட்டு நூல்களில் வழங்கும் 'மின்காப்புப் பொருள்' என்பதினும் நம் நாட்டுச் சொல் இவ்விடத்திற் கருத்தை நன்கு விளக்குகின்றது. நல்ல சொல் கையில் இருந்தும் அதன் பொருளை உணராது உச்சரித்துச் செல்லுதல் நமக்குப் பெருமை ஆகாது.

பொருளின் உள்ளே நிகழ்வது யாது? மேய்ச்சல் நிலத்திலே அவிழ்த்துவிட்ட மாடு பசும்புல்லைக் கண்டால் அதனை நோக்கி நடந்துவிடும். கட்டுத்தறியிற் கட்டிய கன்றும் அப்புல்லைக் காண்கின்றது, அதுவும் விரைகின்றது, ஆனாற் கயிற்றின் நீளத்துக்கு அப்பாற் செல்ல அதற்கு இயலாது. கடத்தியிலுள்ள கட்டற்ற இலத்திரன்கள் அவிழ்த்துவிட்ட மாடு போல்வன. காவலியிலுள்ள இலத்திரன்களோ தத்தம் அணுவோடும் மூலக்கூற்றோடும் கட்டுண்டவை. மின்புலம் பட்டதும் அவை ஒரு பக்கமாகச் சிறிதே இழுபடுகின்றன. கரு மறுபக்கமாகச் சிறிதே விலகுகின்றது. இவ்வாறு ஒவ்வோர் அணுவும் ஒருமுனை நேரும் மறுமுனை மறையுமாக அமைகின்றது. இதுவே முனைவாக்கம். கோடானுகோடி அணுக்களில் இது நிகழும்போது பொருளின் இரு பரப்புகளிலும் ஏற்றம் தோன்றி, வெளியிலிருந்து வந்த புலத்தை உள்ளே தணிக்கின்றது. புலம் தணிவதனால், அதே அழுத்த வேறுபாட்டில் தட்டுகள் முன்னினும் மிகுதியான ஏற்றத்தைத் தாங்க முடிகின்றது. வெற்றிடத்திலே தாங்கியதைப்போல எத்தனை மடங்கு என்பதே அந்த எண், அந்த மாறிலி.

வளிக்கு அவ்வெண் ஏறத்தாழ 1.0006, அதாவது வெற்றிடத்துக்கும் வளிக்கும் வேறுபாடு மிகச் சிறிது. பரபின் மெழுகுக்கும் பொலிதீனுக்கும் 2 க்குச் சற்று மேல்; இறப்பருக்கு 2.5 முதல் 3 வரை. பீங்கானுக்கு ஏறத்தாழ 6. அப்பிரகத்துக்கு 5 முதல் 7 வரை. இவ்வரிசையிலே நீர் வந்து நிற்கும்போது எண் ஒரேயடியாக 80 ஆகின்றது. ஏன்? நீரின் மூலக்கூற்றிலே ஒட்சிசன் ஒன்றும் ஐதரசன் இரண்டும் நேர்கோட்டில் அமையாது வளைந்து அமைந்துள்ளன. ஆகவே ஒட்சிசன் இருக்கும் பக்கம் சிறிது மறையாகவும் ஐதரசன்கள் இருக்கும் பக்கம் சிறிது நேராகவும் எப்பொழுதும் இருக்கின்றன. புலம் வந்து அதனை முனைவாக்க வேண்டியதில்லை. முனையோடேயே அது பிறந்தது. புலம் செய்வதெல்லாம் அதனைத் திருப்புதல் மாத்திரமே. பத்தனை வெளியிலே நாற்றிசையும் நோக்கி நிற்கும் மானாப்புல் காற்று வந்ததும் ஒருபுறமாகச் சாய்வதை நம்மவர் எல்லாரும் கண்டிருக்கின்றனர். நீரின் மூலக்கூறுகளும் அவ்வாறே சாய்கின்றன. வெப்பம் மிகுந்தால் மூலக்கூறுகளின் துள்ளல் மிகுந்து அச்சாய்வு குலைகின்றது. அதனால் 0 பாகை செல்சியசில் ஏறத்தாழ 88 ஆக இருக்கும் எண், 20 பாகையில் 80 ஆகி, 100 பாகையில் ஏறத்தாழ 55 ஆகக் குறைகின்றது. இவ்விளக்கத்தை 1912 இல் வகுத்தளித்த பீற்றர் டிபை, மூலக்கூறுகளின் அமைப்பை ஆராய்ந்தமைக்காக 1936 இல் இரசாயனத்துக்கான நோபல் பரிசைப் பெற்றார்.

மாணவர் கருத்திலே தெளிவுபட வேண்டியவை இரண்டு. மாறிலி பெரிது எனின் காவலும் பெரிது எனப் பலர் எண்ணிக்கொள்கின்றனர். அது தவறு. நீரின் எண் 80 ஆயினும் உப்புச் சிறிது கரைந்த நீர் மின்னைக் கடத்திவிடுகின்றது. வளியின் எண் ஒன்றேயாயினும் ஒரு சென்ரிமீற்றர் இடைவெளியில் ஏறத்தாழ 30,000 வோல்ற்று வரை அது தாங்கி நிற்கின்றது. தன்னுள்ளே சாய்ந்துகொடுக்கும் இயல்பு வேறு; உடையாது தாங்கும் வலு வேறு. இரண்டாவது, மாறிலி என்ற பெயரைக் கண்டு அது மாறாதது என மயங்குதல். வெப்பநிலையால் அது மாறுவதைக் கண்டோம். மீடிறனாலும் அது மாறும். ஒளியலையின் வேகத்திலே புலம் திசைமாறும்போது நீரின் மூலக்கூறு திரும்பப் போதிய நேரம் இல்லை; இலத்திரன்கள் மாத்திரமே ஈடுகொடுக்கின்றன. ஆகவே 80 என்னும் எண் அங்கே 2 க்கும் குறைந்துவிடுகின்றது. பொருள் எது, புலம் எது, சூழல் எது என்று கேளாமல் எண்ணை மாத்திரம் ஒப்புவித்தல் அறிவு ஆகாது.

இப்பாடத்தின் வரலாறும் நமக்கு ஒரு நீதியைப் புகட்டுகின்றது. இங்கிலாந்திலே பெருஞ்செல்வரான என்றி கவெண்டிசு என்பவர் 1770 களிலேயே, தட்டுகளுக்கிடையே கண்ணாடியும் மெழுகும் இருக்கும்போது கொள்ளளவம் மிகுவதை அளந்து குறித்துவைத்தார். குறித்தாரேயன்றி வெளியிட்டாரல்லர். அவருடைய குறிப்புகள் நூறாண்டின்பின், 1879 இல், மக்சுவெல் பதிப்பித்த பிறகே உலகுக்குத் தெரியவந்தன. இடைக்காலத்திலே, கொல்லர் ஒருவரின் மைந்தரும், நூற்கட்டும் கடையிலே பணிபயின்றவரும், முறையான பள்ளிப்படிப்பு மிகச் சிறிதே பெற்றவருமான பரடே, 1837 இல் அதே உண்மையைத் தாமாகவே கண்டார். ஒன்றனுள் ஒன்றாக அமைந்த பித்தளைக் கோளங்களை ஒரேமாதிரி இரண்டு சோடி செய்து, ஒன்றனிடையே வளியும் மற்றதனிடையே அரக்கும் கந்தகமும் போன்ற பொருள்களும் வைத்து, ஏற்றம் எவ்வாறு பங்கிடப்படுகின்றது என அளந்தார். கண்டதை உடனே வெளியிட்டார். கொள்ளளவத்தின் அலகு இன்று அவர் பெயரால் வழங்குகின்றது. கவெண்டிசின் அறிவு குடத்துள் இட்ட விளக்கு. பரடேயின் அறிவு குன்றின்மேல் இட்ட விளக்கு. உழைப்பாளியின் பிள்ளை ஒருவர் உலகுக்கு அளித்த பாடம் இது என்பதை நம் மாணவர்க்கு ஆசிரியர்கள் அழுத்திச் சொல்லல் வேண்டும்.

இனி நம் ஊருக்கு வருவோம். மலைச்சரிவை வெட்டிய பாதையோரங்களிலே வெயிலில் மின்னும் தகடுகளைக் 'காக்காய்ப்பொன்' என்று பொறுக்கி விளையாடாத பிள்ளை இப்பகுதியில் அரிது. அதுவே அப்பிரகம். பதுளைப் பகுதியிலும் ஹல்துமுல்லைப் பகுதியிலும் அது கிடைப்பதைப் புவிச்சரிதவியலார் குறித்துள்ளனர். இதழ் இதழாகப் பிரியும் அக்கல் சிறந்த மின்னுழையம். வெப்பத்தையும் உயர்ந்த அழுத்தத்தையும் தாங்குவது. மூடுபனி சூழ்ந்த சரிவுகளிலே மின்கம்பங்களின் உச்சியில் அமர்ந்துள்ள பீங்கான் காவலிகளையும் நாம் நாள்தோறும் காண்கின்றோம். அவை குடைகளை அடுக்கியது போன்ற வடிவில் அமைந்திருப்பது அழகுக்காக அன்று. மழையிலும் பனியிலும் ஒரு பகுதியேனும் உலர்ந்திருந்து, மேற்பரப்பின் ஈரவழியை நீட்டி, மின்கசிவைக் குறைப்பதற்காகவே. இவையெல்லாம் பாடத்துக்கு வாய்த்த எடுத்துக்காட்டுகள். எனினும் எல்லாவற்றினும் சிறந்த எடுத்துக்காட்டு தேயிலைத் தொழிற்சாலையின் உள்ளே இருக்கின்றது.

தேயிலை செய்தல் என்பது ஒருவகையில் நீரை அகற்றும் தொழிலே. பறித்த பச்சைக் கொழுந்திலே நூற்றுக்கு 75 முதல் 80 பங்கு நீர். வாட்டும் தளத்திலே காற்றூதி அந்நீரிற் பெரும்பகுதி குறைக்கப்படுகின்றது. பின்பு உருட்டி, புளிக்கவைத்து, சூட்டுக் காற்றிலே உலர்த்தி இறக்கும்போது எஞ்சும் ஈரம் நூற்றுக்கு 3 பங்கு அளவினதாக இருத்தல் வேண்டும். நூறு கிலோக் கொழுந்து ஏறத்தாழ 21 அல்லது 22 கிலோத் தேயிலையாகச் சுருங்குவது இதனாலேயே. ஈரம் மிகுந்து நின்றால் தேயிலை பெட்டியிலே மணங்கெட்டுப் பூஞ்சணம் பிடிக்கும். மிகக் குறைந்தால் தீய்ந்த வாடை ஏறி, இலை நொறுங்கித் தூளாகும். ஊவாவிலோ இத்தொல்லை இரட்டிப்பானது. தென்மேற்குப் பருவக்காற்று நடுமலையின் மேற்குச் சரிவிலே மழையைக் கொட்டிவிட்டு, இப்பக்கம் இறங்கும்போது வறண்ட கச்சானாக வீசுகின்றது. யூலை முதல் செத்தெம்பர் வரை அக்காற்றிலே விளையும் கொழுந்துதான் ஊவாத் தேயிலைக்கு உலகப் பெயர் வாங்கித் தந்தது. அக்காலத்திற் கொழுந்து விரைந்து வாடும். ஆண்டின் இறுதியில் வடகீழ்ப் பருவமழை வந்ததும் நிலைமை தலைகீழாகும். ஆகவே ஈரத்தை அளந்தறிதல் இங்கு அன்றாடத் தேவை.

கொழுந்தைக் கையிலே அள்ளிப் பிடித்துப் பார்த்தும், முகர்ந்தும் ஈரத்தைச் சொல்லும் டீமேக்கர்கள் நம்மிடையே வாழ்ந்தனர், இன்றும் வாழ்கின்றனர். அவர் கைப்பழக்கத்தை யாம் வணங்குகின்றோம். அதனோடு இன்று கருவிகளும் துணைநிற்கின்றன. சிறிது தேயிலையைச் சூடாக்கி நிறுத்து ஈரத்தை அறிவன ஒருவகை. மற்றொரு வகைக் கருவியிலே தேயிலையை ஒரு கிண்ணத்தில் இட்டவுடன் எண் தோன்றிவிடும். அக்கிண்ணம் வேறொன்றுமன்று, நம் மாணவன் ஏட்டிலே வரைந்த இரு தட்டுகளே அதன் சுவரிலும் நடுவிலும் மறைந்துள்ளன. தேயிலையே இடையிலுள்ள மின்னுழையம். உலர்ந்த இலையின் மாறிலி சிறிய எண். நீரின் மாறிலி 80. ஆகவே ஈரம் சிறிது ஏறினும் கொள்ளளவம் ஏறிவிடுகின்றது. அதனைக் கருவி நூற்றுவீதமாக மாற்றிக் காட்டுகின்றது. பரடேயின் பித்தளைக் கோளமே உருமாறி நம் தொழிற்சாலை மேசைமேல் அமர்ந்திருக்கின்றது என்று சொன்னால் அது மிகையாகாது.

ஆனால் எம் கட்டுரையின் உயிர்நிலை இனிமேல்தான். கருவி காட்டும் எண் ஈரமன்று. கொள்ளளவத்திலிருந்து ஊகிக்கப்பட்ட ஈரம். இவ்வூகம் பல நிபந்தனைகளைச் சார்ந்தது. தேயிலையைத் தளர இட்டால் இடையே வளி மிகும், எண் குறையும். அழுத்தி இட்டால் எண் ஏறும். இலைத் தரத்துக்கும் தூள் தரத்துக்கும் செறிவு வேறாகையால் ஒன்றற்குப் பொருந்திய அளவுகோல் மற்றதற்குப் பொருந்தாது. உலர்த்தியிலிருந்து சூட்டோடு எடுத்த மாதிரியும் ஆறிய மாதிரியும் ஒரே எண்ணைத் தாரா. இவற்றினும் நுட்பமான ஒன்று உண்டு. நூற்றுக்கு மூன்று பங்காக எஞ்சிய நீர், குடத்து நீர் போன்று கட்டற்ற நீரன்று. இலையின் செலுலோசோடும் புரதத்தோடும் இறுக ஒட்டிய நீர். ஒட்டியிருப்பதால் அதன் மூலக்கூறு விரும்பியவாறு திரும்ப முடிவதில்லை. அதன் பங்கு 80 என்னும் எண்ணுக்கு மிகக் கீழே நிற்கின்றது. ஈரம் ஏற ஏற, மேலும் மேலும் வரும் நீர் கட்டவிழ்ந்து, எண் விரைந்து உயர்கின்றது. ஆகவே ஈரத்துக்கும் கொள்ளளவத்துக்கும் உள்ள உறவு நேர்கோடன்று. 103 பாகை செல்சியசில் அடுப்பிலே உலர்த்தி நிறுக்கும் சருவதேச நியம முறையோடு கருவியை அடிக்கடி ஒப்பிட்டுத் திருத்துதல் இதனாலேயே இன்றியமையாதது. இக்காரணம் தெரிந்தவனே கருவியை ஆள்வான்; தெரியாதவனைக் கருவி ஆளும்.

இது வெறும் தொழினுட்பச் செய்தி என்று எவரும் தள்ளிவிடலாகாது. மலைநாட்டு வாழ்விலே 'ஈரம்' என்னுஞ் சொல் ஊதியத்தோடு பிணைந்தது. மழைநாளிலே நனைந்த கொழுந்தைச் சுமந்து மடுவத்துக்கு வரும் பெண்களின் நிறுவையில், இலைமேல் ஒட்டிய நீருக்கென ஒரு கழிவு கழிக்கப்படுதல் தோட்டங்களிலே நெடுநாள் வழக்கு. ஒட்டிய நீருக்குக் கழித்தல் அநீதியென யாம் சொல்லவில்லை. எத்தனை கிலோக் கழிப்பது என்பதைக் கண்மதிப்பாகத் தீர்மானித்தலே குறை. அக்கழிவினால் நாட்கணக்கு எடை நிறையாது, முழுப்பேர் அரைப்பேராகும்போது ஒரு குடும்பத்தின் அடுப்பிலே அதன் விளைவு தெரியும். நாளை ஒருவர் மின் ஈரமானி ஒன்றைக் கொண்டுவந்து மடுவத்திலே வைத்து, "கருவியே சொல்லுகின்றது" எனக் கூறுவாராயின் என்செய்வது?

மின்னுழையத்தைக் கற்றறிந்த பிள்ளை அங்கே வாய்திறக்க முடியும். நூற்றுக்கு மூன்று பங்கு ஈரத்தை அளக்கவல்ல அக்கருவி, முக்காற் பங்கும் நீரான பச்சைக் கொழுந்திலே தடுமாறும் என்பதை அவன் அறிவான். இலையினுள் இருக்கும் நீரும் நீரே; இலைமேல் ஒட்டிய மழையும் நீரே; இரண்டினதும் மூலக்கூறு ஒரேவகையாகத் திரும்புவதால் மின்புலம் ஒன்றை மற்றதினின்றும் பிரித்தறியாது. மேலும் கொழுந்தின் சாற்றிலே உப்புகள் கரைந்திருப்பதால் மின் கசிந்தோடி அளவையே குலைத்துவிடும். அவ்விடத்துக்கு ஏற்றது எளிய தராசே. மாதிரியாக ஒரு கிலோக் கொழுந்தை எடுத்து, நிறுத்து, துணியால் ஒற்றியோ சுழற்றியோ மேல்நீரை அகற்றி, மீண்டும் நிறுத்தால், ஒட்டிய நீர் எவ்வளவு என்பது பறித்தவரும் கணக்கப்பிள்ளையும் ஒருங்கே காணத் தெரிந்துவிடும். எந்த இடத்துக்கு எந்த அளவை பொருந்தும் என்று துணிந்து சொல்லும் ஆற்றலே அறிவியற் கல்வியின் பயன். அதனைப் பெற்ற பிள்ளை வழக்காடத் தேவையில்லை, எடுத்துக்காட்டினாற் போதும்.

இங்கே ஒரு தடை எழுப்பப்படலாம். "தோட்டத்துப் பிள்ளைக்கு முதலில் வேண்டியது ஓர் உத்தியோகம், பரீட்சையிற் சித்தியடைய வழிசெய்யுங்கள், தொழிற்சாலைக்குக் கூட்டிச் சென்று காலங்கழிக்க வேண்டாம்" என்பாரும் உளர். அவர் கவலை நியாயமானதே. நாட்டிலே 1945 இல் இலவசக் கல்வி வந்தபோதும் தோட்டப் பாடசாலைகள் அதன் முழுப்பயனை நெடுங்காலம் அடையவில்லை. 1970 களிலேதான் அரசு அவற்றைப் பொறுப்பேற்கத் தொடங்கியது. உயர்தர விஞ்ஞான வகுப்பும், அதற்குரிய ஆசிரியரும், ஆய்வுகூடமும் ஊவாவின் தமிழ்ப் பாடசாலைகளில் இன்றும் அருமையாகவே உள்ளன. இத்தகைய நிலையிலே பரீட்சையை இகழ்ந்து பேசுதல் வயிறு நிறைந்தவர் பசியை இகழ்வதற்கு ஒப்பாகும். ஆயின் எம் கருத்து பரீட்சைக்கு மாறானதன்று. ஆய்வுகூடம் அருமையாக உள்ள இடத்திலே, ஊரிலேயே இருக்கும் பெரிய ஆய்வுகூடத்தைப் பயன்படுத்தாது விடுதல் அறிவீனம் என்பதே எம் கூற்று. கண்ணாலே கண்டு கையாலே அளந்த பாடம் மனத்தில் நிற்கும். மனத்தில் நின்ற பாடம் பரீட்சையிலும் உதவும்.

மற்றொரு தடையும் உண்டு. தோட்டத்தை விட்டு வெளியேறுவதற்காகவே படிக்கின்ற பிள்ளைக்குத் தோட்டத்தையே பாடமாக்குவது, அவனை மீண்டும் அங்கேயே கட்டிவைப்பதாகாதா என்பது அது. இதனை யாம் ஆழ்ந்து எண்ணிப் பார்த்தோம். தேயிலையிலே மின்னுழையத்தைக் கற்றவன் தேயிலையோடு நின்றுவிடுவதில்லை. நெல்லின் ஈரமும் அவ்வாறே அளக்கப்படுகின்றது. கைத்தொலைபேசியின் திரையிலே விரல் பட்டதை அறிவதும் கொள்ளளவத்தாலேயே. நுண்ணலை அடுப்பிலே உணவு சூடேறுவதும், நொடிக்கு 245 கோடி முறை மாறும் புலத்துக்கு ஈடுகொடுத்துத் திரும்ப முயலும் நீர் மூலக்கூறுகளின் செயலே. அறிந்த பொருளிலே கால் ஊன்றி நின்றவனே அறியாத பொருளை எட்டிப் பிடிக்க வல்லவன். வேரூன்றுதல் வேறு, விலங்கு பூட்டுதல் வேறு.

ஆகவே பழைய மாணவர் சங்கத்தார் முன்பு மூன்று வேண்டுகோள்களை வைக்கின்றோம். முதலாவது, கல்லூரி ஆய்வுகூடத்துக்கு ஒரு மின்னுழைய மேசை. இருபது சென்ரிமீற்றர்ச் சதுரமான இரண்டு அலுமினியத் தகடுகளை ஒரு சென்ரிமீற்றர் இடைவெளியில் நிறுத்தினால் வளியிலே அவற்றின் கொள்ளளவம் ஏறத்தாழ 35 பிக்கோபரட் வரும். எளிய இலக்கக் கொள்ளளவமானி அதனைக் காட்டிவிடும். இடையே மெழுகை வார்த்தும், கண்ணாடியைச் செருகியும், உலர்ந்த தேயிலையை நிரப்பியும், பின்பு நிறுத்து அறிந்த அளவு ஈரம் ஊட்டிய தேயிலையை நிரப்பியும் மாணவர் அளந்து வரைபு வரையட்டும். அவ்வரைபு ஏன் வளைகின்றது என்ற வினாவே அவர்க்கு ஆசிரியன். இதற்கு ஆகும் செலவு விழாப் பந்தலின் ஒரு மூலைக்கு ஆகும் செலவினும் குறைவு.

இரண்டாவது, தொழிற்சாலைகளிலும் மின்துறையிலும் பணிபுரியும் பழைய மாணவர் ஆண்டுக்கு ஒருமுறையேனும் தம் கதவைத் திறத்தல் வேண்டும். பார்த்துவரச் செய்வது மாத்திரம் போதாது. ஒரு மாதிரியைக் கருவியிலும் அடுப்பிலும் ஒருங்கே அளந்து இரு விடைகளையும் மாணவர் ஒப்பிட இடங்கொடுத்தல் வேண்டும். 1925 இல் தொடங்கப்பெற்ற தேயிலை ஆராய்ச்சி நிறுவகத்தின் கிளை நம் மாகாணத்திலேயே பசறையில் உள்ளது. 2005 இல் பதுளையிலே நிறுவப்பெற்ற ஊவா வெல்லசப் பல்கலைக்கழகத்திலே தேயிலைத் தொழினுட்பம் ஒரு பட்டநெறியாகக் கற்பிக்கப்படுகின்றது. இவ்விரு வாயில்களும் நம் பிள்ளைகளின் கண்ணுக்கு எட்டிய தூரத்திலே இருக்கின்றன. காலுக்கும் எட்டச் செய்தல் நம் கடமை.

மூன்றாவது, தாம் அறிந்ததை எழுதிவைத்தல். நம் பழைய மாணவருள் எத்தனையோ டீமேக்கர்களும், மின்வினைஞர்களும், ஆய்வுகூட உதவியாளர்களும் முப்பது நாற்பது ஆண்டு அனுபவத்தைத் தம்முள் வைத்திருக்கின்றனர். கச்சான் காலத்திலே கருவி எப்படி நடந்துகொள்ளும், மழைக்காலத்திலே எப்படி, எந்தத் தரத்துக்கு எவ்வளவு திருத்தம் வேண்டும் என்பன எந்தப் பாடநூலிலும் இல்லாதவை. அவை தமிழிலே, மாணவர்க்கு விளங்கும் நடையிலே எழுதப்பட்டுக் கல்லூரி நூலகத்திற் சேர்தல் வேண்டும். இன்றேல் கவெண்டிசின் பெட்டியிலே நூறாண்டு உறங்கிய தாள்களின் கதியே இவற்றுக்கும் நேரும். அங்காவது தாள்கள் இருந்தன. இங்கு தாளும் இல்லை.

வெளிப்பார்வைக்கு அசைவற்ற பொருளும் புலம் பட்டதும் தன்னுள்ளே ஒழுங்குபட்டு எதிர்வினை காட்டுகின்றது என்பதே மின்னுழையம் கற்பிக்கும் முதற்பாடம். எந்த அளவினதாயினும் அவ்வெதிர்வினையை அளந்து அறியலாம் என்பது இரண்டாம் பாடம். அளவையைக் கண்மூடி நம்பாது, அது எவ்விடத்திற் செல்லும், எவ்விடத்திற் செல்லாது என ஆராய வேண்டும் என்பது மூன்றாம் பாடம். இம்மூன்றையும் உணர்ந்த ஒரு தலைமுறையை இம்மலையகம் பெறுமாயின், மடுவத்துத் தராசின் முன்னும் பல்கலைக்கழக வாயிலின் முன்னும் நம் பிள்ளைகள் ஒரே நிமிர்வோடு நிற்பர். விழாக் காணும் நம் கல்லூரி அதற்கான முதல் மேசையை இவ்வாண்டிலேயே இடுவதாக.